இரண்டாம் ஷிப்டுப் பள்ளிக்கூடம்

கார் கழிந்து கூதிர் தலைப்படும் நாள்கள். வானம் தன் பெருஞ்சுமையை இறக்கி வைத்த பின்னும் முற்றும் வெளுத்துவிடாமல், நனைந்த துகிலை மாற்ற இடமின்றி உடுத்தியவாறே நிற்கும் பெண்ணைப் போல் ஏரிகளின்மேல் கவிந்து நின்றது. ஒரகடத்து ஆறுவழிச் சாலையின் இரு மருங்கிலும் நீர் தேங்கியிருந்தது. அந்நீரில் கொக்குகள் சரக்கு லாரிகளின் இரைச்சலுக்கு அஞ்சாமல் ஒற்றைக்காலில் நின்றன. ஆலைக் கூரைகளில் விழுந்த மழை தகரத்தின் குரலில் பேசியது. நின்றபின்னும் நெடுநேரம் ஓரங்களில் சொட்டிற்று. மதில்களின்மேல் சுருட்டி வைத்த முள்கம்பியில் செங்காந்தள் கொடி ஏறி, யாரும் கேளாமலே பூத்திருந்தது. அடிக்கு மஞ்சளும் நுனிக்குச் செம்மையுமாய், விளக்கு ஏற்றிய கைவிரல்கள் போல் அப்பூக்கள் வளைந்து மேல்நோக்கின. விடியலின் குளிரில் ஷிப்டுப் பேருந்துகள் ஒன்றன்பின் ஒன்றாய் வந்து, பாதித் தூக்கத்திலிருந்த முகங்களை இறக்கிவிட்டுப் போயின.

இப்பருவத்தில்தான் வல்லக்கோட்டை முருகனுக்குச் சஷ்டி விரதம் வரும். வடக்குப்பட்டுச் சுபஸ்ரீ பள்ளிப் பருவம் தொட்டு அவ்விரதம் காப்பவள். பகலெல்லாம் வெறும் நீர்; அந்தியில் பாலும் பழமும். கார்களுக்கான மின்கம்பிக் கட்டுகளைச் செய்யும் ஆலையில், கட்டி முடித்த கம்பிகளைப் பலகையில் விரித்து ஒவ்வொரு முனையாகத் தொட்டுச் சோதிப்பது அவள் வேலை. வெறும் வயிற்றோடு எட்டு மணி நேரம் நின்றுகொண்டு அதைச் செய்வாள். இவ்வாண்டு விரதம் தன்பொருட்டன்று என்று அவள் சொன்னால் அது பொய். தன்பொருட்டேதான்.

சுபஸ்ரீ தொடக்கப் பள்ளி ஆசிரியைக்குரிய பட்டயப் பயிற்சி முடித்தவள். தகுதித் தேர்வில் தேறினாள். அதற்கும் மேலாக வைத்த போட்டித் தேர்விலும் தேறினாள். பணி கைக்கெட்டும் தொலைவில் இருந்தபோது, சான்றிதழ் சரிபார்க்கும் மேசையில் அவளை நிறுத்திவிட்டார்கள். அவள் பெற்ற பட்டயம் அரசுப் பணிக்கு ஏற்கத்தக்கதன்று என ஆணை வந்தது. காரணம் இரண்டு கூறினார்கள். அவள் கற்பித்தல் பயிற்சி செய்த இடம் பள்ளி அன்று. செய்த நேரம் பள்ளி நேரம் அன்று.

இடம், வடக்குப்பட்டு ஏரிக்கரைக்குப் பின்னால் வரிசை வீடுகளை ஒட்டிய கல்நார்க் கூரைக் கொட்டகை. ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் ஆலை வேலைக்கு வந்தவர்களின் பிள்ளைகள் எந்தப் பள்ளியிலும் சேராமல் திரிந்தபோது, அரசே அங்கொரு சிறப்புப் பயிற்சி மையத்தைத் திறந்தது. அவ்வாண்டு வழக்கமான பள்ளிகளிலெல்லாம் பயிற்சி மாணவர் நிரம்பிவிட்டதால், கல்வி அலுவலகமே சுபஸ்ரீயையும் அவளுடன் படித்த டெனிசனையும் அம்மையத்துக்கு அனுப்பியது.

நேரம் என்பது வேறு கதை. அங்கிருந்த பிள்ளைகளில் மூத்தவர்கள் எல்லாரும் காலையில் தம்பி தங்கைகளை இடுப்பில் சுமந்தார்கள். தாய்மார் முதல் ஷிப்டு முடிந்து வரும்வரை அவர்களுக்கு விடுதலை இல்லை. ஆகவே அப்பள்ளிக்கு மணி கிடையாது. பிற்பகலில் கம்பெனிப் பேருந்து ஏரிக்கரைத் திருப்பத்தில் வந்து நீளமாய் ஒரு முறை ஒலியெழுப்பும். தாய்மார் இறங்குவார்கள், இடுப்புக் குழந்தைகள் கைமாறும், பிள்ளைகள் கொட்டகைக்கு ஓடிவருவார்கள். பேருந்தின் ஒலியே பள்ளி மணி. இருட்டும் வரை பாடம் நடக்கும். அவ்வூரில் யாரும் பிற்பகல் என்று சொல்வதில்லை. கடிகாரத்தைக் காட்டிலும் ஷிப்டுதான் அங்கே காலம். ஆகவே பயிற்சிப் பதிவேட்டில் நேரம் எழுத வேண்டிய கட்டத்தில் சுபஸ்ரீயும் டெனிசனும் நாள்தோறும் எழுதியது: செகண்ட் ஷிப்ட்.

சரிபார்த்த அலுவலர் அதைப் படித்துவிட்டு மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "கம்பெனியில வேலை பாத்துக்கிட்டே பயிற்சிக் கணக்கு எழுதியிருக்கீங்களா?" என்றார். அந்நாளில் அவள் எந்த ஆலையின் வாயிலையும் மிதித்தவள் அல்லள். பயிற்சி முடித்துப் பணிக்காகக் காத்திருந்தபோதுதான் ஆலைக்குப் போனாள். அதை அவர் நம்பவில்லை.

அவளும் டெனிசனும் சேர்ந்து வழக்குத் தொடுத்தார்கள். வழக்கு விசாரணைக்கு வரும் நாள் இவ்வாண்டுச் சஷ்டிக்குள் விழுந்தது.

விசாரணைக்கு முன்தினம், ஒரகடம் கூட்டுச்சாலையின் மேம்பாலத்துக்கு அடியிலிருந்த தேநீர்க் கடைக்கு வழக்கறிஞர் ரகுபதி இருவரையும் வரச்சொன்னார். மறைமலை நகரில் குடியிருப்பவர். கட்சிக்காரரை அலுவலகத்துக்கு அலைய வைப்பதைக் காட்டிலும் வழியில் பார்த்துவிடுவது அவர் வழக்கம். தாளொன்றை ஈரம் படாத இடத்தில் விரித்தார்.

"கவர்மெண்ட் சைடுல எறங்கி வந்துட்டாங்க. ஜாயின்ட் மெமோ, ரெண்டு தரப்பும் சேந்து கையெழுத்துப் போட்டுக் கோர்ட்டுல குடுக்கறது. நீங்க ரெண்டு பேரும் ஆறு மாசம் ஒரு ரெகக்னைஸ்டு ஸ்கூல்ல ப்ராக்டிஸ் டீச்சிங்கைத் திரும்பப் பண்ணணும். அதுவரைக்கும் உங்க போஸ்ட்டைக் காலியா வச்சிருப்பாங்க. முடிச்சா ஆர்டர். இதுக்கு மேல கோர்ட்டே குடுக்காது."

டெனிசன் கடித்த வடையை வாயிலேயே வைத்துக்கொண்டு, "அட்ரா சக்க!" என்றான். பிறகு சுபஸ்ரீயைப் பார்த்து, "இன்னா சுபா, ஒரு டீயாவது குடியேன். முருகன் இன்னா டீக்கெல்லாம் கணக்கு பாப்பாரா?" என்றான்.

"உனக்கு வெள்ளிக்கிழமை கறி வேணாம்னு அந்தோணியார் கணக்குப் பாக்கறப்ப, எனக்கு மட்டும் பாக்க மாட்டாரா?" என்று சொல்லிக்கொண்டே அவள் தாளைக் கையிலெடுத்தாள். முதற்பத்தியைப் படித்தாள். இரண்டாம் பத்தியில் அவள் கண் நின்றுவிட்டது.

"சார், இது இன்னா? 'மனுதாரர்கள் பயிற்சி மேற்கொண்ட இடம் பள்ளி அன்று எனவும், அங்கு நடைபெற்றது பள்ளிக் கல்வி அன்று எனவும் ஒப்புக்கொள்கிறார்கள்.'"

"அது அவங்க பாஷைம்மா. அது இல்லாம அவங்க கையெழுத்துப் போட மாட்டாங்க."

"பயிற்சியைத் திரும்பப் பண்ணச் சொல்லட்டும். பண்றேன். இதை எதுக்கு ஒத்துக்கணும்?"

ரகுபதி தேநீரை ஆற்றிக்கொண்டே பொறுமையாய்ச் சொன்னார். "அந்த வரி இல்லன்னா, முதல்ல செஞ்ச பயிற்சி செல்லும்னு அரசாங்கம் ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். உன்னை மாதிரி வேற மாவட்டங்கள்ல எத்தனை பேர் இருக்காங்களோ, எல்லாரும் வந்து நிப்பாங்க. அதுக்குத்தான் பயப்படறாங்க."

"சரி. அப்ப அந்தப் பசங்க?"

"எந்தப் பசங்க?"

"அங்கே படிச்சிட்டுத்தானே சார் நேரா ஆறாவது, ஏழாவதுல சேத்துக்கினாங்க? அது பள்ளிக்கூடமே இல்லன்னு நானே எழுதிக் குடுத்தா, அவங்க சேந்தது எந்தக் கணக்கு?"

மேம்பாலத்தின் மேலே ஒரு கன்டெய்னர் லாரி போயிற்று. தூண்கள் அதிர்ந்து, தேங்கியிருந்த நீர் இவர்கள்மேல் சிதறிற்று. "யாரும் இப்போ அதைத் தோண்ட மாட்டாங்க" என்றார் ரகுபதி.

"தோண்டினா?"

"தோண்டினா... கேள்வி வரலாம். நேரா ஆறாவது, ஏழாவதுல சேத்தது தப்புன்னு எவனாவது சொல்லலாம். ஆனா வராதும்மா. நான் இருபது வருஷமா கோர்ட்டுல இருக்கேன். வராது."

டெனிசன் கையைத் துடைத்துக்கொண்டு பேனாவைக் கேட்டான். அவனுக்கு இரண்டு குழந்தைகள். மனைவி பெனிஷா படுக்கையில் கிடந்து எழுந்து இன்னும் மாதம் ஆகவில்லை. ஒப்பந்தக் கூலியாய் இரண்டு ஆலைகளில் மாறி மாறி நிற்பவன். கையொப்பமிடும்போது அவன் முகத்தில் சிரிப்பு இல்லை. "நா போட்டுட்டேன்" என்றான். "நீ போடலன்னா நாளைக்குக் கோர்ட்டுல நீ தனியா நிக்கணும். வூட்ல இன்னா சொல்லுவாங்க, யோசிச்சுப் பாரு."

"நிக்கறேன்."

"பெரிய வீராங்கனைன்னு நெனப்பு."

"வேலை குடுத்தா போய்ச் செய்வேன், டெனிசன். ஆனா அங்கே படிச்ச பசங்கள இல்லன்னு சொல்லிட்டு அந்த வேலைக்குப் போக மாட்டேன்."

வீட்டில் என்ன சொல்வார்கள் என்பது அவளுக்கு முன்பே தெரியும். அவள் படித்த பயிற்சி நிறுவனம் மூடப்பட்டுப் பல காலமாகிறது. கட்டடம் இன்று வாகன உதிரிப் பாகங்களின் கிடங்கு. அதற்கு வாயிற்காவலர், அவளுடைய தந்தை சுப்பிரமணிதான். காக்கிச் சட்டையின் பொத்தான்களைக் கழற்றிக்கொண்டே அவர் சொன்னார்:

"நீ ஒக்காந்து படிச்ச கிளாஸ்ல இப்ப பம்பர் அடுக்கி வெச்சுக் கீது. அந்தக் காலேஜே இல்ல, அந்த மையமும் இல்ல. இல்லாத ஒன்ன இல்லன்னு எழுதிக் குடுக்க உனக்கு இன்னா வலிக்குது?"

"அந்தப் பசங்க கீறாங்களே, நாய்னா."

"அவங்க இன்னா உன் புள்ளைங்களா? எவனோ ஒரிசாக்காரன் புள்ள. நாளைக்கு ரயிலேறிப் போயிடுவான். கவர்மென்ட்டு வேலைன்னா சும்மாவா? சாவற வரைக்கும் சோறு. கையெழுத்துப் போட்டா கை தேஞ்சா பூடும்?"

அவள் தாய் செங்கமலம் பாலைக் காய்ச்சிக்கொண்டு, "இன்னிக்கு வெரதம். புள்ளைகிட்ட சண்டை போடாதீங்க" என்றாள்.

"நா எங்க சண்டை போட்டேன்? புத்தி சொல்றேன்" என்றார் சுப்பிரமணி. ஆனால் அன்று அவரும் உண்ணாமலே படுத்துவிட்டார். விரதம் அவருக்கு இல்லை.

மறுநாள் விடியலில் ஆலைக்குப் போய் விடுப்புக் கேட்க வேண்டியிருந்தது. சூப்பர்வைசர் வரும்வரை சுபஸ்ரீ லாக்கர் அறையின் வாயிலில் நின்றாள். அங்கே ஈரத்தரையைத் துடைத்துக்கொண்டிருந்த சபித்ரி அவளைக் கண்டதும் துடைப்பத்தைச் சுவரில் சாய்த்தாள். சபித்ரி ஒடிசாவில் கஞ்சம் பக்கத்தவள். ஆலையின் துப்புரவுக் குழுவில் இருக்கிறாள். வந்தபோது ஒரு சொல் தமிழ் தெரியாது. இன்று அவள் பேசும் தமிழைக் கேட்டால் ஒரகடத்தில் பிறந்தவர்களும் நாணுவர். அவளுடைய மூத்த மகள் ரஷ்மிதா அக்கொட்டகையில் படித்தவள்; இப்போது பாலிடெக்னிக்கில் இரண்டாம் ஆண்டு. அந்த ஆலை முழுதிலும் சுபஸ்ரீயை 'டீச்சர்' என்று அழைப்பவள் சபித்ரி ஒருத்திதான்.

"டீச்சர், டெனிசன் சார் நேத்து ஷிப்டு பஸ்ல சொல்லிக்கினு வந்தாரு. நீ போட மாட்டேன்னுட்டியாமே?"

"ஆமா சபித்ரி."

"எங்க பசங்களுக்காகவா?"

சுபஸ்ரீ ஈரத்தரையைத் தாண்டி அவளருகே வந்தாள்.

"தோ பாரு டீச்சர். என் பொண்ணு படிச்சிட்டா. இனிமே எவன் வந்து இன்னா கேட்டாலும் அவ தலைக்குள்ள போனத வெளில எடுக்க முடியாது. நீ போட்டுக்கோ. உன் வேலை உனக்குக் கெடைக்கணும். நா ஒண்ணும் தப்பா நெனச்சிக்க மாட்டேன்." அவள் சிரித்தாள். "அவளே சொல்லிட்டா. 'டீச்சர் போட்டுட்டா நா போயி கோர்ட்டுல அந்தக் கவர்மென்ட்டு ஆளுங்கள ஒரியால திட்டிட்டு வரேன், எவனுக்கும் புரியாது'ன்னு."

சுபஸ்ரீயும் சிரித்தாள். சிரித்து முடித்தபோது நெஞ்சில் ஏதோ உறுதியாய் அமர்ந்துவிட்டிருந்தது. யாரும் அவளைத் தடுக்கவில்லை, யாரும் கெஞ்சவுமில்லை. தீங்கு நேரக்கூடியவர்களே அவளுக்கு விடுதலை கொடுத்துவிட்டார்கள். அவர்கள் கொடுத்தபின், அவள் எங்கே நிற்கிறாள் என்பது அவளுக்கு மட்டுமே உரிய காரியமாயிற்று. அப்பிள்ளைகள் கரும்பலகையின் முன் கால் மடக்கி அமர்ந்ததும், ஒடியாவும் போஜ்புரியும் கலந்த நாவில் உயிரெழுத்தை உருட்டி உருட்டிச் சொன்னதும், அவள் தொண்டை கட்டும்வரை அவர்களோடு கூவியதும் நடந்தவை. நடந்ததை நடக்கவில்லை என்று சொல்லும் உரிமை சபித்ரிக்கும் இல்லை, டெனிசனுக்கும் இல்லை, தனக்கும் இல்லை என்று அவள் அறிந்தாள்.

"லீவு கேக்கறப்ப 'கோர்ட்டுக்கு'ன்னு சொல்லாத. 'கோயிலுக்கு'ன்னு சொல்லு" என்றாள் சபித்ரி துடைப்பத்தை எடுத்துக்கொண்டு. "சூப்பர்வைசர் பயப்படுவாரு."

"எதுக்குப் பயப்படுவாரு?"

"கோர்ட்டுன்னா யூனியன் கேஸுன்னு நெனச்சுக்குவாரு."

"கோர்ட்டுக்குன்னே சொல்றேன்" என்றாள் சுபஸ்ரீ.

உயர் நீதிமன்றக் கூடம் ஈரக்குடைகளின் வாடையோடு நிறைந்திருந்தது. பட்டியலில் அவர்கள் வழக்கு மதியத்துக்கு முன் அழைக்கப்பட்டது. அரசு வழக்கறிஞர் எழுந்து, மனுதாரர்களில் ஒருவர் இசைந்துவிட்டார், மற்றவர் மறுக்கிறார் என்று தெரிவித்தார். நீதியரசர் தாளைப் புரட்டினார். நரைத்த தலை, அவசரமில்லாத குரல்.

"இசைய மறுக்கிற மனுதாரர் வந்திருக்காங்களா?"

ரகுபதி திரும்பிப் பார்த்தார். சுபஸ்ரீ கடைசி வரிசையிலிருந்து எழுந்து நின்றாள். வயிறு வெறுமையாய் இருந்தது. கூடத்தில் இருந்த கறுப்பங்கிகள் எல்லாம் ஒரே சமயத்தில் திரும்பின.

"முன்னாடி வாங்கம்மா. அரசு ஒரு வழி காட்டறாங்க. ஆறு மாசம் பயிற்சி. உங்க இடம் உங்களுக்கே. ஏன் வேண்டாங்கறீங்க?"

"பயிற்சி வேணாம்னு சொல்லலீங்க ஐயா. திரும்பச் செய்யச் சொன்னா செய்றேன். அது பள்ளிக்கூடம் இல்லன்னு எழுதித் தர மாட்டேன்."

"ஏன்?"

"அது பள்ளிக்கூடம்தான், ஐயா."

யாரோ மெல்லச் சிரித்தார்கள். நீதியரசர் சிரிக்கவில்லை. "கட்டடம் இல்லை, மணி இல்லை, பள்ளி நேரமும் இல்லைன்னு அரசு சொல்றாங்க. நீங்களே 'செகண்ட் ஷிப்ட்'னு எழுதியிருக்கீங்க. அதுக்கு என்ன சொல்றீங்க?"

"எங்க பக்கம் நேரம் அப்படித்தாங்க ஐயா. பால்காரரைக் கேட்டாலும் ஷிப்டுலதான் சொல்லுவார். எங்க ஊர் அம்மன் கோயில் குருக்கள்கூட சாயங்காலப் பூஜையை, முதல் ஷிப்டு பஸ் வந்த பெறவுன்னுதான் சொல்லுவார்." இப்போது சிரிப்பு சற்றுப் பரவிற்று. அவள் நிறுத்தவில்லை. நிறுத்தினால் தொடர முடியாது என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. "காலையில அந்தப் பிள்ளைங்க இடுப்புல குழந்தை இருக்கும். அம்மா வேலை முடிஞ்சு வந்து வாங்கினாத்தான் படிக்க வர முடியும். அதனால நாங்கதான் அவங்க நேரத்துக்குப் போனோம். போகச் சொல்லி அனுப்பினது கல்வி அலுவலகம். அங்கே படிச்சவங்களைப் பள்ளியில சேத்ததும் அதே அலுவலகம். சேத்துக்கறப்ப அது பள்ளி. எனக்கு வேலை குடுக்கறப்ப மட்டும் அது கொட்டாய். ரெண்டுல ஒண்ணுதானே ஐயா உண்மையா இருக்க முடியும்?"

மழை வெளியே மீண்டும் தொடங்கியிருந்தது.

நீதியரசர் அரசு வழக்கறிஞரை நோக்கினார். "அந்த வாக்கியத்தை நீக்கிட்டு மற்றதை வச்சுக்கலாமே?"

அரசு வழக்கறிஞர் பின்னால் அமர்ந்திருந்த அலுவலரோடு குனிந்து பேசினார். நிமிர்ந்து, "இயலாது, மை லார்ட். அது இல்லாமல் துறை சம்மதிக்காது" என்றார்.

"உங்களுக்கு அந்த ஒரு வாக்கியம் அவ்வளவு வேணும். இவங்களுக்கு அந்த ஒரு வாக்கியம் அவ்வளவு வேண்டாம்." நீதியரசர் பேனாவின் மூடியைக் கழற்றினார். "சரி, அந்த மையத்துப் பிள்ளைகளை எந்த அடிப்படையில் பள்ளிகளில் சேர்த்தீர்கள்?"

"அறிவுறுத்தல் பெற்றுத்தான் சொல்ல வேண்டும், மை லார்ட்."

"பெற்று வாருங்கள். எழுத்தில் தாருங்கள்." பிறகு சுபஸ்ரீயைப் பார்த்தார். "அம்மா, ஒண்ணு தெளிவாச் சொல்லிடறேன். இந்த வழக்கை முழுசாக் கேட்டா உங்களுக்கு எதிராவும் தீர்ப்பு வரலாம். அப்போ இந்த ஆறு மாச வாய்ப்பும் இருக்காது. தெரியுமா?"

"தெரியுங்க ஐயா."

"தெரிஞ்சும் கேக்கணுமா?"

"கேளுங்க ஐயா."

டெனிசனின் இசைவு பதிவாயிற்று. சுபஸ்ரீயின் வழக்கு முழு விசாரணைக்கு வைக்கப்பட்டது. தீர்ப்பு வரும்வரை ஓர் இடத்தை நிரப்பாமல் வைத்திருக்க வேண்டும் என்று ஆணையாயிற்று. அவ்வளவே. அவள் வென்றதும் இல்லை, தோற்றதும் இல்லை. ஆனால் அவள் மறுத்த வாக்கியம் அவள் பெயருக்குக் கீழே எங்கும் இல்லை.

வெளித் தாழ்வாரத்தில் டெனிசன் குடையை விரித்தும் மடக்கியும் நின்றான். அவளைப் பார்க்காமல் பேசினான். "நா பொய்யில கையெழுத்துப் போட்டேன், சுபா. எனக்கு வேற வழி இல்ல. நீ ஜெயிச்சியானா, எழுதினது நானில்ல, என் வயிறுதான்னு ஆயிடும். அதனால ஜெயிச்சிடு. சும்மா ட்ராமா போட்டுட்டுப் பாதியில வந்துடாத."

"வர மாட்டேன்" என்றாள் அவள். "பெனிஷாவ நல்லாப் பாத்துக்க."

பேருந்தும் ரயிலும் மாறி அவள் ஒரகடம் திரும்பியபோது மழை ஓய்ந்திருந்தது. கூட்டுச்சாலையில் சுப்பிரமணி தம் இருசக்கர வண்டியோடு காத்திருந்தார். காக்கிச் சட்டை மாற்றவில்லை. ஒரு கையில் மடித்த தாள்பொட்டலம்.

"ரகுபதி சார் போன் பண்ணாரு" என்றார். "ஏறு."

வல்லக்கோட்டைப் பக்கம் திரும்பும் சாலையில் அவர் வண்டியைத் திருப்பவில்லை. நேரே வடக்குப்பட்டு ஏரிக்கரைக்கு ஓட்டினார். கொட்டகையின் முன் நிறுத்தினார். மையம் மூடப்பட்டு நாளாகிவிட்டது. கூரையில் ஒரு மூலை பெயர்ந்திருந்தது. உள்ளே யாரோ சைக்கிள்களை நிறுத்தி வைத்திருந்தார்கள். ஆனால் சுவரில் கரும்பலகை அப்படியே இருந்தது. வரிசை வீடுகளில் இப்போது புதியவர்கள் குடியிருந்தார்கள், ஜார்க்கண்டிலிருந்து வந்தவர்கள். வாசற்படிகளில் சிறுமிகள் இடுப்புக் குழந்தைகளோடு நின்று இவர்களைப் பார்த்தார்கள்.

"இங்க எதுக்கு நாய்னா?"

"கேட்டுல ஒக்காந்துக்கினு யோசிச்சேன். நீ கோர்ட்டுல போயி அது பள்ளிக்கூடம்தான்னு சொல்லிட்ட." அவர் கூரையின் மூலையை நிமிர்ந்து பார்த்தார். "சொன்னா, இருக்கணுமில்ல?"

சைக்கிள்களை அவரே ஒவ்வொன்றாய் வெளியே எடுத்து வைத்தார். சுபஸ்ரீ ஒரு துணியை ஏரிநீரில் நனைத்துக் கரும்பலகையைத் துடைத்தாள். ஈரம் காய்ந்ததும், பழைய சுண்ணக் கோடுகள் சில கூடவே வெளிப்பட்டன. வேலியின் முள்கம்பியில் காந்தள் கொடி இங்கும் ஏறியிருந்தது. அவள் ஒரு பூவைப் பறித்து வந்து, பலகையின் அடியில் வைத்தாள். தந்தையின் பொட்டலத்தில் வல்லக்கோட்டையிலிருந்து காலையில் அவர் வாங்கி வந்திருந்த திருநீறு இருந்தது. அதில் ஒரு சிட்டிகை எடுத்துப் பூவின்மேல் இட்டாள். கண்களை மூடினாள். அந்தக் கணத்தில் முருகனிடம் அவள் கேட்டது எதுவும் இல்லை. நின்றாள், அவ்வளவுதான். அவன் பெயரை வாய்க்குள் ஒரு முறை சொன்னாள்.

ஏரிக்கரைத் திருப்பத்தில் கம்பெனிப் பேருந்து நீளமாய் ஒலித்தது. முதல் ஷிப்டு முடிந்து தாய்மார் இறங்கினார்கள். படிகளில் நின்ற சிறுமிகளில் ஒருத்தி இடுப்புக் குழந்தையை இறக்கித் தாயிடம் கொடுத்துவிட்டு, கொட்டகையின் வாயிலில் வந்து தயங்கினாள். அவள் பின்னால் இன்னொருத்தி. சுபஸ்ரீ கையசைத்து அழைத்தாள். அவர்கள் நனைந்த தரையில் கால் மடக்கி அமர்ந்தார்கள். அவள் பலகையின் அடியில் கிடந்த பழைய சுண்ணக்கட்டித் துண்டை எடுத்து, முதல் உயிரெழுத்தைப் பலகை நிறையும்படி பெரிதாய் எழுதினாள்.

சுப்பிரமணி வாயிலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு உள்ளே வந்து, பொட்டலத்தில் மிஞ்சியிருந்த திருநீற்றை எடுத்து மகளின் நெற்றியில் இட்டார். பக்கத்தில் அமர்ந்திருந்த இரண்டு சிறுமிகளின் நெற்றியிலும் அதையே இட்டார்.

"நல்லா இரு, கண்ணு" என்றார். "நீயும் இரு. இதுங்களும் இருக்கட்டும். இந்தப் பள்ளிக்கூடமும் இருக்கட்டும்."